தாடையில் தண்ணீர், வாயில் பால் பல்: பன்னிரண்டு எருமைக் கிடாக் கன்றுகள் வளர்ந்த கதை

இது பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகாவில், கொழிஞ்சாம்பாறைப் பக்கம் ஒரு சிறு பண்ணையில் நடந்தது. 2022 ஆகஸ்டில் தொடங்கி 2024 ஜூனில் முடிந்தது. குடும்பத்தாரின் சம்மதத்தோடு, அடையாளங்களை விட்டுவிட்டு எழுதுகிறேன். நான் அங்கே போய்வந்த கால்நடை மருத்துவர். நடந்த தவறுகளில் ஒன்று முழுக்க என்னுடையது. அதையும் அதன் இடத்தில் சொல்லிவிடுகிறேன்.

பின்னணி

பண்ணைக்காரருக்கு வயது நாற்பத்தாறு. பதினான்கு வருடம் வளைகுடாவில் வண்டி ஓட்டிவிட்டு ஊருக்குத் திரும்பியவர். வீட்டில் மனைவியும் மாமனாரும். மூன்று ஏக்கர் நிலம்: ஒன்றரை ஏக்கர் நெல், மீதி தென்னை. நிலத்தின் கீழ்க்கரையில் மூலத்தறைத் தடுப்பணையிலிருந்து வரும் வாய்க்காலின் ஒரு கிளை ஓடுகிறது. கிழக்குச் சித்தூர் மழை மறைவுப் பகுதி. பனை நிற்கும் காய்ந்த பூமி. அதனால் அந்த வாய்க்கால்தான் அவர்கள் நிலத்தின் சொத்து. பிறகு அதுவே தலைவலியும் ஆனது.

பால் மாடு வேண்டாம், விடியற்காலை மூன்று மணிக்கு எழுந்திருக்க முடியாது என்பதில் மூவரும் ஒத்திருந்தார்கள். கேரளத்தில் போத்து (எருமைக் கிடா) வளர்ப்பு சூடாக இருந்த நேரம் அது. வடக்கே பாலுக்காக எருமை வளர்ப்பவர்களுக்கு ஆண் கன்று பாரம். பாலைக் குடித்துத் தீர்க்கும், வளர்ந்தாலும் அங்கே விலை இல்லை. அந்தக் கன்றுகளை வியாபாரிகள் லாரியில் ஏற்றிக்கொண்டு வருகிறார்கள். இங்கே பத்துப் பன்னிரண்டு மாதம் வளர்த்தால் கறிக்கு நல்ல விலை. கணக்கு எளிது. கிலோ என்ன விலைக்கு வாங்குகிறோமோ ஏறக்குறைய அதே விலைக்குத்தான் விற்கப் போகிறோம். ஆக, லாபம் முழுவதும் ஏறுகிற எடையில் இருக்கிறது. ஒரு நாளைக்கு 600 கிராம் ஏறினால் பிழைக்கலாம். 300 கிராம் ஏறினால் தீவனக்காரருக்கும் வியாபாரிக்கும் உழைத்ததாக ஆகும்.

அவர் போட்ட திட்டம் இது: ஆகஸ்டில் பன்னிரண்டு கன்று, அடுத்த ஜூன் 29ஆம் தேதி பக்ரீத், அதற்கு முந்தைய வாரம் பெருநாள் விலையில் விற்பனை. கன்று ஒன்று சுமார் 280 கிலோவுக்கு வந்திருக்க வேண்டும்.

கன்றுகள் வந்த மாதம்

2022 ஆகஸ்ட் 20 அன்று லாரி வந்தது. பன்னிரண்டு கன்றும் சேர்ந்து 1,140 கிலோ, உயிர் எடை கிலோ 140 ரூபாய், மொத்தம் 1,59,600 ரூபாய். எல்லாம் முர்ரா இன எருமை என்று சொல்லித்தான் விற்கிறார்கள். முர்ராவின் அடையாளம் முறுக்கிச் சுருண்ட கொம்பு. கொம்பு மொட்டாக இருக்கும் கன்றில் அதை எங்கே பார்ப்பது? இவை கலப்புதான் என்பது என் அபிப்பிராயம். வயதைக் கேட்டதற்கு வியாபாரி “ஒண்ணேகால் வருசம்” என்றாராம். நான் பார்த்தபோது பத்து மாதத்துக்கு மேல் மதிக்க முடியவில்லை. அதை அப்போதே வாய்விட்டுச் சொல்லியிருக்கலாம்.

ஐந்தாம் நாள் ஒரு கன்று மூச்சு வாங்கி, மூக்கில் சளி ஒழுகி, எட்டாம் நாள் செத்தது. நீண்ட பயணத்தின் அலுப்பில் நுரையீரலைப் பிடிக்கும் காய்ச்சல். இது புதிதல்ல. மற்ற பதினொன்றையும் இரண்டு வாரம் தனியே கட்டிவைத்து, தேறிய பிறகு தொண்டை அடைப்பானுக்கும் கோமாரிக்கும் தடுப்பூசி போட்டோம். பூச்சி மருந்தை அவரே வாங்கிக் கொடுத்துவிட்டார். அது ஃபென்பென்டசோல் மாத்திரை, எடையைக் கண்ணால் மதித்துக் கொடுத்தது.

செப்டம்பர் நடுவில் முதல் போகம் அறுப்பு முடிந்தது. தாள் நிற்கும் வயலில் கன்றுகளை அவிழ்த்துவிட்டார்கள். காலையில் வயல், நடுப்பகலில் வாய்க்கால் ஓரக் குட்டையில் புரளல், மாலையில் வைக்கோலும் ஒரு கை தவிடும். எருமைக்கு வியர்வைச் சுரப்பி குறைவு. தண்ணீரில் கிடப்பது அதற்கு ஆடம்பரம் இல்லை. ஆகவே குட்டையைப் பார்த்து நானும் நல்லது என்றுதான் சொன்னேன்.

அக்டோபர் சாணப் பரிசோதனை

அக்டோபர் முதல் வாரம் நான்கு கன்றுகளின் சாணத்தைக் கொண்டுவந்தார். உப்புக் கரைசலில் மிதக்கவிட்டு முட்டை பார்க்கும் முறையில் பார்த்தேன். உருளைப்புழு முட்டை அங்கொன்றும் இங்கொன்றுமாக இருந்தது, மருந்து தேவைப்படும் அளவுக்கு இல்லை. சீட்டில் “புழு இல்லை” என்று எழுதிக் கொடுத்தேன்.

அந்தச் சீட்டு இரண்டு வகையில் தவறு. முதலாவது, ஈரலைத் தாக்கும் தட்டைப்புழுவின் முட்டை கனமானது. உப்புக் கரைசலில் மிதக்காது, அடியில்தான் தங்கும். அதைப் பார்க்கச் சாணத்தைத் தண்ணீரில் கலக்கி, வடிகட்டி, படியவிட்டு, மேல்நீரை ஊற்றிவிட்டுப் படிவைப் பார்க்க வேண்டும். நான் அதைச் செய்யவில்லை. இரண்டாவது, செய்திருந்தாலும் அப்போது ஒன்றும் கிடைத்திருக்காது. புல்லோடு உள்ளே போன தட்டைப்புழு, குடலைத் துளைத்து, ஈரலைக் குடைந்து, பித்தக் குழாய்க்குள் போய்ப் பெரிதாகி முட்டையிட மூன்று நான்கு மாதம் பிடிக்கும். கன்றுகள் வயலில் இறங்கி அப்போது மூன்று வாரம்கூட முழுதாக ஆகவில்லை.

“இந்தப் பரிசோதனையில் உருளைப்புழு இல்லை” என்று எழுதியிருந்தால் அது சரியாக இருந்திருக்கும். நான் எழுதியது “புழு இல்லை”. அவர் அந்தச் சீட்டைக் கொட்டகைத் தூணில் ஆணியடித்து மாட்டிவைத்திருந்தார். பிப்ரவரியில் போனபோதும் அது அங்கேயேதான் தொங்கிக்கொண்டிருந்தது.

யாரும் எடை பார்க்காத நான்கு மாதம்

அக்டோபரிலிருந்து ஜனவரி வரை பண்ணையில் பெரிய சம்பவம் ஏதும் இல்லை. கன்றுகள் மேய்ந்தன, வயிறு நிறைந்திருந்தது, வந்து பார்த்தவர்கள் நன்றாக இருக்கிறது என்றார்கள். வயிறு பெருத்த கன்று வளர்ந்த கன்றாகத் தெரிவது சகஜம். முதுகெலும்பின் இரண்டு பக்கமும் சதை பிடித்திருக்கிறதா, இடுப்பெலும்பு முட்டிக்கொண்டிருக்கிறதா என்று மேலிருந்து பார்க்கிறவர்கள் குறைவு. வேலிக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்தால் வயிறுதான் தெரியும். டிசம்பரில் அவர் இன்னொரு முறை அதே ஃபென்பென்டசோலைக் கொடுத்தார்.

முதலில் சந்தேகப்பட்டவர் அவருடைய மனைவி. தவிடு கலக்கி வைப்பது அவர்தான். முன்பெல்லாம் தொட்டியை நக்கித் துடைத்த கன்றுகள் இப்போது மிச்சம் வைக்கின்றன என்பதைக் கவனித்தார். அப்புறம் ஜனவரி இறுதியில் இன்னொன்று கண்ணில் பட்டது. மேய்ச்சல் முடிந்து திரும்பும்போது இரண்டு கன்றுகளின் தாடைக்குக் கீழே தண்ணீர் கட்டிய பை மாதிரி தொங்கியது. தொட்டால் வலிக்கவில்லை, சுடவும் இல்லை. விரலால் அழுத்தினால் பிசைந்த மாவில் அழுத்தியது போலக் குழி விழுந்து மெதுவாகத்தான் மேலே வந்தது. மறுநாள் விடிந்து பார்த்தால் வீக்கம் இல்லை. சாயங்காலம் மறுபடி இருந்தது.

கணவரிடம் சொன்னதற்குக் கொசுக்கடியாக இருக்கும் என்றார். மாமனார் முள் குத்தியிருக்கும் என்றார். காலையில் யாரைக் கூப்பிட்டுக் காட்டினாலும் வீக்கம் இருக்காது என்பதால் மனைவி சொன்னது எடுபடவில்லை. கடைசியில் ஒரு நாள் சாயங்காலம் ஆறு மணிக்குச் செல்போனில் படம் எடுத்துவைத்துக்கொண்டார். அந்தப் படத்தை நான் பார்த்தது இரண்டு வாரம் கழித்து.

இதற்குக் காரணம் இருக்கிறது. ரத்தத்தில் புரதம் குறைந்தால் நீர் கசிந்து, தாழ்வான இடத்தில் தங்கும். நாளெல்லாம் தலையைக் குனிந்து மேயும் மாட்டுக்குத் தாடைதான் தாழ்வான இடம். இரவில் தலை தூக்கிப் படுத்தால் வடிந்துவிடும். ஆகவே சாயங்காலத் தாடையைப் பார்க்கிறவருக்குத்தான் இந்த நோய் தெரியும். பெரும்பாலும் மருத்துவர் காலையில் போவார், தொட்டிக்குத் தவிடு வைக்கிறவர் சாயங்காலம் இருப்பார்.

ஈரல்

2023 பிப்ரவரி 10 அன்று ஒரு கன்று வாய்க்கால் படியில் சறுக்கி விழுந்து பின்னங்காலை முறித்துக்கொண்டது. தொடைப்பக்கம் முறிவு, கட்டிச் சேர்க்க வழியில்லை. வலிக்கு ஊசி போட்டால் அந்த மருந்து உடம்பிலிருந்து நீங்கும்வரை கறிக்கு ஆகாது. அதுவரை வலியோடு வைத்திருப்பதும் நியாயமில்லை. இரண்டு மணி நேரத்துக்குள் முடிவெடுத்தோம். பக்கத்து ஊர்க் கறிக்கடை ராவுத்தர் ஒருவர் வந்து 11,000 ரூபாய்க்கு எடுத்துக்கொண்டார். அறுக்கும் இடத்தில் மருத்துவர் பார்த்த பிறகே அறுத்தார்கள்.

அன்று மாலை ராவுத்தர் பண்ணைக்காரருக்குப் போன் செய்தார். “தம்பி, கறி ஒண்ணும் குறையில்ல. ஈரலை மட்டும் நான் விக்க மாட்டேன். நீ ஒரு தடவை வந்து பாத்துட்டுப் போ.” இவர் போய்ப் பார்த்துவிட்டு, ஒரு பாத்திரத்தில் அதை வாங்கிக்கொண்டு நேரே என்னிடம் வந்தார்.

ஈரலின் ஓரம் மழுங்கித் தடித்திருந்தது. பித்தக் குழாய்கள் வெள்ளைக் கயிறுபோல மேலேயே தெரிந்தன. ஒரு குழாயைக் கத்தியால் நீளவாக்கில் கீறிக் கட்டைவிரலால் பிதுக்கினேன். பழுப்பு நிறச் சளியோடு தட்டையான புழுக்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. நீளத்திலும் அகலத்திலும் வேப்பிலை அளவு, நிறத்தில் சருகு. தட்டில் விட்டதும் ஓரங்கள் மெல்ல மடங்கி விரிந்தன. அந்த ஒரு குழாயிலிருந்து இருபதுக்கு மேல் எண்ணிவிட்டு நிறுத்திக்கொண்டேன். ஃபேசியோலா ஜைஜான்டிகா, நம் பக்கத்து எருமைகளில் வழக்கமாகக் காணும் ஈரல் தட்டைப்புழு.

“பூச்சி மருந்து ரெண்டு தடவை கொடுத்தாச்சே சார்” என்றார் அவர். கொடுத்தது உண்மை. ஃபென்பென்டசோல் உருளைப்புழுவுக்கான மருந்து. வழக்கமான அளவில் அது ஈரல் தட்டைப்புழுவை ஒன்றும் செய்யாது. ஐவர்மெக்டின் ஊசியும் அப்படித்தான். ‘பூச்சி மருந்து’ என்ற ஒரே பெயரில் கடையில் எல்லாம் கிடைப்பது இந்தக் குழப்பத்துக்குப் பாதிக் காரணம்.

மறுநாள் வாய்க்கால் ஓரத்துக்குப் போனேன். படியின் பாசியில் ஒரு கை நிறைய நத்தை பொறுக்க முடிந்தது. ஓடு மெல்லியது. கூரான முனையை மேலே வைத்துப் பிடித்தால் வாய் வலப்பக்கம் திறந்திருந்தது. லிம்னியா வகை. சாணத்தோடு விழும் முட்டை தண்ணீரில் பொரிந்து, இந்த நத்தைக்குள் புகுந்து பெருகி, வெளியே வந்து நீர் ஓரப் புல்லிலும் நெல் தாளிலும் ஒட்டிக்கொண்டு காத்திருக்கும். குட்டை, வாய்க்கால், தாள் வயல், சாணம் போடும் பதினொரு கன்று. அதற்குத் தேவையான எல்லாவற்றையும் நாங்கள் ஒரே இடத்தில் கொண்டுவந்து வைத்திருந்தோம். கன்றுகள் வரும்போதே கொஞ்சம் புழுவைச் சுமந்து வந்திருக்கலாம். அதை இப்போது பிரித்துச் சொல்ல வழியில்லை.

பிப்ரவரி 12 அன்று முதல் முறையாக எடை பார்த்தோம். தராசு இல்லை, நாடாதான். முன்னங்காலுக்குப் பின்னால் மார்புச் சுற்றளவை அங்குலத்தில் எடுத்து, அதை அதே எண்ணால் பெருக்கி, தோள் முனையிலிருந்து பின்தொடை எலும்பு முனை வரையுள்ள நீளத்தாலும் பெருக்கி, 660ஆல் வகுத்தால் கிலோவில் எடை வரும். முதல் கன்று மார்பு 46, நீளம் 42: ஏறக்குறைய 135 கிலோ. பத்துக்கும் சராசரி 138. வந்து 176 நாளில் 43 கிலோதான் ஏறியிருந்தது, நாளுக்கு 250 கிராம்கூட இல்லை. திட்டப்படி 200 கிலோவை எட்டியிருக்க வேண்டும். படியவிட்டுப் பார்த்ததில் பத்தில் ஒன்பது கன்றின் சாணத்தில் மஞ்சள் நிறத் தட்டைப்புழு முட்டை இருந்தது. கீழ் இமையைப் புரட்டிப் பார்த்தால் சிவப்பு இருக்க வேண்டிய இடம் காகிதமாக வெளுத்திருந்தது.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

முதல் கேள்வி, விற்றுவிடுவதா வைத்திருப்பதா. அப்படியே எல்லாவற்றையும் விற்றால் மெலிந்த கன்றுக்குக் கிலோ 125க்கு மேல் யாரும் தரமாட்டார்கள். போட்ட பணம் வராது. வைத்திருந்தால் தீவனத்துக்குக் காசு வேண்டும், அவர் கையில் காசு இல்லை. ஆகவே மூன்றை மட்டும் விற்று, அந்தப் பணத்தில் மற்ற ஏழு கன்றுகளைத் தேற்றுவது என்று வந்தோம்.

எந்த மூன்று என்பதில்தான் வாக்குவாதம். மாமனார் கடைசி மூன்றைத் தள்ளிவிடலாம் என்றார். எவரும் அப்படித்தான் நினைப்பார்கள். நான் நடுவில் இருப்பவற்றை விற்கச் சொன்னேன். கடைசி மூன்றுக்குச் சந்தையில் கிடைப்பது அடிமாட்டு விலை. ஆனால் பட்டினியால் மெலிந்த கன்று, எலும்பு வளர்ச்சி சரியாக இருந்து நோயும் நீங்கினால், தீவனம் கிடைத்ததும் விட்ட வளர்ச்சியை வேகமாக எட்டிப் பிடிக்கும். போட்ட தீவனத்துக்கு அதிக எடை தருவது அவைதான். நடுவில் உள்ளவை இப்போதே ஓரளவு விலை பெறும். மாமனாருக்கு இது கடைசி வரை சம்மதமில்லை. இருந்தாலும் வாணியங்குளம் வியாழன் சந்தைக்கு நடு மூன்றுதான் போயின. 420 கிலோ, 52,500 ரூபாய். அவற்றுக்கு மருந்து கொடுக்காமலே விற்றோம். கொடுத்துவிட்டால், மருந்து உடம்பிலிருந்து நீங்குவதற்கான விலக்கு நாள் முடியும்வரை கறிக்கு விற்க முடியாது.

அடுத்தது மருந்து. ஆக்ஸிக்ளோசனைடு விலை குறைவு, எங்கும் கிடைக்கும், ஆனால் பித்தக் குழாயில் இருக்கும் வளர்ந்த புழுவைத்தான் கொல்லும். ஈரலுக்குள் குடைந்துகொண்டிருக்கும் இளம்புழு தப்பிவிடும். கன்றுகள் முந்தைய நாள் வரை அந்த வயலில்தான் மேய்ந்தன, இளம்புழு நிச்சயம் இருக்கும். எனவே இளம்புழுவையும் எட்டும் ட்ரைக்ளாபென்டசோலை, நாடா எடைக்குத் தக்கபடி பிப்ரவரி 14 அன்று ஏழுக்கும் கொடுத்தோம். ஏப்ரல் நடுவில் இரண்டாம் முறை. ஜூன் தொடக்கத்தில் விற்பனைக்கு முன்னால் “பாதுகாப்புக்கு” இன்னொரு தடவை கொடுக்கலாமா என்று கேட்டார். கூடாது என்றேன். லேபிளில் போட்டிருக்கும் விலக்கு நாள் முடியாத கறியை ராவுத்தர் கடையில் தொங்கவிடுவது நம் வேலை இல்லை.

மூன்றாவது, மேய்ச்சலை நிறுத்தியது. வாய்க்கால் பக்கம் கம்பி வேலி போட்டு, கன்றுகளைக் கொட்டகையிலேயே வைத்தார்கள். தென்னைக்கு நடுவே மேட்டில் 40 சென்ட் கோ-4 தீவனப் புல். வைக்கோலில் இரண்டாம் போகத்தின் புது வைக்கோலை ஒதுக்கி, போர் போட்டு மாதக்கணக்கில் காய்ந்த பழைய வைக்கோலை மட்டும் கொடுத்தோம். தண்ணீரில் நின்ற தாளின் அடிப்பாகத்தில் ஒட்டியிருக்கும் புழுக்கூடு வெயிலில் நன்றாகக் காய்ந்தால்தான் சாகும். சத்து கூட்ட வைக்கோலுக்கு யூரியா ஊட்டினோம்: 100 கிலோ வைக்கோலுக்கு 4 கிலோ யூரியா, 50 லிட்டர் தண்ணீரில் கரைத்துத் தெளித்து, காற்றுப் புகாமல் மூன்று வாரம் மூடிவைப்பது. வாத்துக்காரர்கள் அறுப்பு வயலில் மந்தையை விடும்போது நத்தை குறையும் என்று மாமனார் சொன்னார். வாத்து நத்தை தின்னும், உண்மைதான். அதை நம்பி வேலியைத் திறந்துவிட நான் தயாராக இல்லை.

குட்டைக்குப் பதிலாகக் கொட்டகையில் குழாய் போட்டுப் பகலில் இரண்டு முறை மேலே தண்ணீர் விட்டார்கள். தகரக் கூரைக்கு மேல் தென்னோலை.

மார்ச்: இரண்டு சங்கதி

கஞ்சிக்கோட்டுப் பக்கமிருந்து பீர் வேஸ்ட் (பீர் வடித்த பிறகு மிஞ்சும் தானியச் சக்கை) மலிவாக வந்தது. மெதுவாகப் பழக்குங்கள் என்று வாயால் சொன்னேன், எவ்வளவு எவ்வளவு என்று எழுதிக் கொடுக்கவில்லை. ஒரு நாள் வீட்டு விசேஷத்தில் மிஞ்சிய சோற்றையும் சேர்த்துப் போட்டிருக்கிறார்கள். இரண்டு கன்று வயிறு உப்பி, அசை நிறுத்தி, தண்ணீராகக் கழிந்தன. சோடா உப்பும் திரவமும் கொடுத்து நாலைந்து நாளில் தேறின. அதன் பிறகு அளவு சுவரில் கரியால் எழுதப்பட்டது.

மற்றது இன்னும் பெரிய சங்கதி. மார்ச் கடைசியில் ராவுத்தர் பெருநாள் வியாபாரத்துக்காகக் கன்றுகளைப் பார்க்க வந்தார். எடை, நடை எதையும் பார்க்கவில்லை. நேரே ஒரு கன்றின் கீழ்த்தாடையைப் பிடித்து உதட்டை இறக்கினார். “எல்லாம் பால் பல்லு தம்பி. குர்பானிக்கு ஆகாது.”

குர்பானி என்பது பக்ரீத் பெருநாளில் கொடுக்கும் பலி. அதற்கு ஆடென்றால் ஒரு வயது, மாடு எருமை என்றால் இரண்டு வயது முடிந்திருக்க வேண்டும். நொண்டி, கண் கெட்டது, நோயில் மெலிந்தது ஆகாது. வயதுக்குச் சீட்டு யாரிடமும் இல்லாததால் வாங்குகிறவர்கள் முன்பல் இரண்டு விழுந்து முளைத்திருக்கிறதா என்று பார்க்கிறார்கள். எருமையில் அது சில சமயம் இரண்டரை வயதையும் தாண்டும். இவருடைய கன்றுகள் ஜூனில் இருபது மாதத்தைத் தொட்டிருந்தாலே அதிகம்.

ஆக, தட்டைப்புழுவே இல்லாமல், எல்லாம் 280 கிலோவுக்கு வந்திருந்தாலும், பெருநாள் விலை கிடைத்திருக்காது. திட்டத்தின் அடித்தளமே வாங்கிய நாளிலேயே தவறிவிட்டது. கன்றுகள் வந்த புதிதில் நான் பார்த்து வாய்விட்டுச் சொல்லாத வயதுதான் இது. அவர் மூன்று நாள் யாரிடமும் சரியாகப் பேசவில்லை என்று மனைவி சொன்னார்.

என்ன நடந்தது

மருந்து கொடுத்து மூன்று வாரத்தில் தாடை வீக்கம் நின்றது. ஏப்ரலில் இமை சிவந்தது. மே மாதச் சாணத்தில் ஏழிலும் தட்டைப்புழு முட்டை இல்லை. ஜூன் 24 அன்று நாடா வைத்தபோது ஏழின் சராசரி 137 கிலோவிலிருந்து 218க்கு வந்திருந்தது. 130 நாள், நாளுக்கு 620 கிராம். கடைசியில் இருந்த மூன்றும் இதில் நன்றாக ஏறின. அவற்றில் ஒன்று ஏழில் இரண்டாம் இடத்துக்கு வந்துவிட்டது. மாமனார் அந்தக் கன்றை நாடா வைக்கும்போது இரண்டாம் முறை அளக்கச் சொன்னார்.

நான்கை 2023 ஜூனில் ராவுத்தரிடமே சாதாரணக் கறி விலைக்குக் கொடுத்தார். 821 கிலோ, கிலோ 140, மொத்தம் 1,14,900 ரூபாய். மீதி மூன்றை அடுத்த பக்ரீத் வரை வைத்திருப்பது என்று முடிவு. எனக்கு இதில் அரை மனசுதான். கிடா பெரிதாக ஆக, தின்பது கூடும், கிலோ ஏற ஆகும் செலவும் கூடும். பெருநாள் விலை அந்த வித்தியாசத்தைக் கட்டுமா என்று சந்தேகம்.

2024 ஏப்ரலில் பாலக்காட்டில் வெப்ப அலை. வானிலைத் துறையே எச்சரிக்கை விட்டது. அந்த மாதம் மூன்றும் எடை ஏறவே இல்லை. பெருநாள் ஜூன் 17. இரண்டு கிடா பல் போட்டிருந்தன, ஒவ்வொன்றும் 58,000. மூன்றாவது கிடா வயதில் அவற்றோடு ஒத்தது, எடையில் கொஞ்சம் அதிகம்கூட. ஆனால் பால் பல் விழவில்லை, வந்தவர்கள் உதட்டை இறக்கிப் பார்த்துவிட்டுப் போய்விட்டார்கள். அது கடைக்கு 51,000க்குப் போனது.

கணக்கு

செலவு: கன்று 1,59,600. பிப்ரவரி வரை தீவனமும் சில்லறையும் 48,000. மருந்து 9,400. பிப்ரவரி–ஜூன் தீவனம் 56,400. கடைசி மூன்றுக்கு ஒரு வருடத் தீவனம் 80,000. மொத்தம் 3,53,400 ரூபாய்.

வரவு: கால் முறிந்தது 11,000. சந்தையில் மூன்று 52,500. 2023 ஜூனில் நான்கு 1,14,900. 2024 ஜூனில் மூன்று 1,67,000. சாணம் 14,000. மொத்தம் 3,59,400.

கையில் நின்றது 6,000 ரூபாய். இருபத்திரண்டு மாதம், மூன்று பேர் உழைப்பு, கம்பி வேலிக்கான செலவு, போட்ட பணத்துக்கு வட்டி எதையும் இதில் சேர்க்கவில்லை. சேர்த்தால் நட்டம்தான்.

மாற்ற வேண்டியவை

வாங்கும்போது வாயைத் திறந்து பார்ப்பது. பெருநாளைக் குறிவைத்தால் அந்தத் தேதியிலிருந்து பின்னோக்கி வயதை எண்ண வேண்டும். பக்ரீத் வருடா வருடம் பத்துப் பதினொரு நாள் முன்னால் வருவதையும் சேர்த்து எண்ண வேண்டும். வயது வராத கன்றை வாங்கலாம், அதைக் கறி விலைக்குக் கணக்குப் போட்டு வாங்க வேண்டும்.

மாதம் ஒரு முறை நாடா. அக்டோபரில் அளந்திருந்தால் நவம்பரிலேயே எடை ஏறவில்லை என்று தெரிந்திருக்கும். அப்போது சாணத்தில் முட்டை இல்லாவிட்டாலும் தேடத் தொடங்கியிருப்போம். நாடாவின் விலை இருபது ரூபாய்.

என் பக்கத்தில்: வாய்க்கால், வயல் உள்ள பண்ணை என்றால் படியவிடும் முறையில் பார்க்காமல் சீட்டு எழுதுவதில்லை. மேய்ச்சலுக்கு இறங்கி நான்கு மாதம் ஆகும்போது இரண்டாம் முறை பார்ப்பதையும் அதே சீட்டில் தேதி போட்டு எழுதுகிறேன். எந்தப் புழுவைத் தேடினேன் என்பதையும் எழுதுகிறேன். கூடுமானவரை பண்ணைகளுக்கு மாலையில் போகிறேன். தவிடு வைப்பவர் யாரோ அவரிடம்தான் முதலில் பேசுகிறேன்.

பண்ணைக்காரர் 2024 ஆகஸ்டில் மறுபடி ஆறு கன்று வாங்கினார், இந்த முறை அவர் மனைவி லாரியடியில் நின்று ஒவ்வொன்றின் உதட்டையும் இறக்கிப் பார்த்த பிறகு. இரண்டைத் திருப்பி அனுப்பி வேறு இறக்கச் சொன்னாராம். தூணில் என் பழைய சீட்டு தொங்கிய ஆணியில் இப்போது நாடா தொங்குகிறது. டிசம்பர் சாணத்தில் ஆறில் ஒன்றுக்கு மட்டும் தட்டைப்புழு முட்டை வந்தது. வேலியைத் தாண்டாத கன்று அது. வரும்போதே கொண்டுவந்ததா, கூலியாள் வாய்க்கால் ஓரத்தில் அறுத்துப் போட்ட புல்லில் வந்ததா என்று விசாரித்துக்கொண்டிருக்கிறோம்.